மனுவில் இருந்த ஒரு வரி

நேற்றுப் பேப்பரில் ஒரு செய்தி. தன் பிள்ளையை மனைவி வீட்டார் பிடித்து வைத்திருப்பதாகவும், கோர்ட்டில் கொண்டுவந்து நிறுத்த வேண்டும் என்றும் ஒருவர் ஆட்கொணர்வு மனு போட்டிருக்கிறார். படித்ததும் பேப்பரை மடித்து வைத்துவிட்டேன். ஜப்பான்காரன் ஆண்ட காலத்தில் நானும் அப்படி ஒரு மனு போட்டவன்.

என் மனைவி காய்ச்சலில் இறந்தபோது மகளுக்கு ஐந்து வயது. கருமாதி முடிந்ததும் மனைவியின் அண்ணன் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு சுவா என்ற ஊருக்குப் போய்விட்டார். சயாம் நாட்டில் ரயில் பாதை போட ஜப்பான்காரன் தோட்டம் தோட்டமாக ஆள் பிடித்த நேரம் அது. அதற்குப் பயந்து அங்கே காட்டோரம் மரவள்ளி நட்டு ஒதுங்கியிருந்தார். நான் மம்பாவ் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் இருந்தேன். பிறவியிலேயே ஒரு கால் விந்தல் என்பதால் என்னை விட்டுவிட்டார்கள்.

மூன்று முறை போய்ப் பிள்ளையைக் கேட்டேன்.

“உன் கால இழுக்கவே உனக்கு நேரம் பத்தல, பிள்ளைய எங்க மாப்ள பாக்கப் போற? கெழங்கு தின்னுட்டுக் கெளம்புலா.”

தின்றுவிட்டுத் திரும்பினேன்.

சிரம்பானில், முன்பு வக்கீலிடம் கிராணியாக, அதாவது குமாஸ்தாவாக, இருந்த ஒருவர் மனு எழுதிக்கொண்டிருந்தார். எழுதியதை எனக்கு வாசித்துக் காட்டினார். பிள்ளையை வைத்திருப்பவர் நல்ல திடகாத்திரமான ஆள், வேலை வெட்டி இல்லாதவர், சுவாவில் மறைந்து வாழ்கிறார் என்று ஒரு வரி வந்தது.

“அவரு கெழங்கு போடுறாருங்க” என்று மெதுவாகச் சொன்னேன்.

“அட சும்மா இருய்யா. வெள்ளக்காரன் காலத்துக் கோர்ட்டுல இந்த ஒரு வரிக்கே பிள்ளை கைக்கு வந்துரும்.”

பிள்ளை கைக்கு வரும் என்பது மட்டுமே என் காதில் விழுந்தது. கைநாட்டு வைக்காமல், எழுதத் தெரிந்த பெருமையில் கையெழுத்தே போட்டேன்.

பத்தாம் நாள் எங்களை ஜப்பான்காரன் ஆபீசுக்குக் கூப்பிட்டார்கள். மச்சான் தலைக்கு எண்ணெய் வைத்து, மகளைத் தோளில் உட்கார வைத்து வந்தார். ஜப்பான் அதிகாரி பிள்ளையைப் பார்க்கவே இல்லை. எழுந்து வந்து மச்சானின் புஜத்தை அழுத்திப் பார்த்தார். பிறகு ஏதோ சொன்னார்.

துபாஷி என்னைப் பார்த்து, “பிள்ளைய நீ எடுத்துக்க” என்றார். மச்சானிடம், “நீ வெளிய லோரில ஏறு.”

அவர் உழைக்கிறவர், மனுவில் இருப்பது பொய் என்று சொல்ல வாயைத் திறந்தேன். சத்தம் வரவில்லை.

மச்சான் மகளை இறக்கி என் கையில் கொடுத்தார். “கெழங்குல நடு நார எடுத்துட்டுக் குடு மாப்ள. இல்லன்னா இவளுக்குத் தொண்டையில சிக்கும்.” அவ்வளவுதான். சிப்பாய் தள்ளினான்.

சண்டை முடிந்து சயாமிலிருந்து ஆட்கள் திரும்பியபோது, மகளைக் கூட்டிக்கொண்டு சிரம்பான் ஸ்டேஷனில் பல நாள் நின்றேன். அவர் வரவில்லை.

மகளுக்கு இப்போது கல்யாணமாகிவிட்டது. “மாமாவ எந்தப் பாவியோ காட்டிக் குடுத்துட்டான்பா” என்று இன்றும் சொல்வாள். அவள் கிழங்கு அவித்து வைத்தால், நான் குனிந்து நாரை எடுத்துக்கொண்டிருப்பேன்.