பனி நாளில் பத்துப் பேர்

அந்தப் பனியை நான் இன்னும் முழுதாக உதறிவிடவில்லை. மல்வேர்னில் எங்கள் கட்டடத்துக்கு முன்னால் நின்ற கார்களெல்லாம் காணாமல்போய், வெள்ளை மேடுகள் வரிசையாகப் படுத்திருந்த காலை. பஸ் இல்லை. பள்ளிக்கூடம் இல்லை. கனடாவுக்கு வந்த பிறகு அப்பாவுக்குக் கிடைத்த முதல் லீவைப் பனிதான் கொடுத்தது. இரண்டு வேலை செய்துகொண்டிருந்த மனிதர், பகல் வெளிச்சத்தில் சொந்த வீட்டில் என்ன செய்வதென்று தெரியாமல் யன்னலுக்கும் கதவுக்கும் நடுவே நடந்துகொண்டிருந்தார். அப்போதுதான் எதிர்வீட்டுப் பெரியவர் தட்டினார்.

அவர் யூதர். எண்பதைத் தாண்டிய தனியாள். அவருடைய ஆட்கள் எப்போதோ நகரத்தின் மறுபக்கத்துக்குப் போய்விட, அவர் மட்டும் ஏனோ எங்கள் கறித்தூள் மணக்கும் மாடியிலேயே தங்கிவிட்டார். அம்மாவைக் கண்டால் தொப்பியைத் தொடுவார். அன்று கறுப்புக் கோட்டு மாட்டி, சப்பாத்து மினுக்கி, போக வழியில்லாமல் நின்றார்.

அப்பாவின் இங்கிலிசு ஓடும், ஆனால் மூச்சு வாங்கும். பத்து வயதில் நான்தான் வீட்டின் மொழிபெயர்ப்பாளர். பெரியவர் சொன்னார்: இன்று என் தகப்பனின் நினைவு நாள். வருடம் தவறாமல் எங்கள் கோயிலுக்குப் போய் அவருக்கான செபத்தைச் சொல்லுவேன். இன்று டாக்சியும் வராதாம். தனியாகச் சொல்லமுடியாது, பத்து ஆண்கள் கூடவேண்டும். உங்கள் காரை எடுக்கமுடியுமா?

கார் பனிக்குள் கிடந்தது. அப்பாவின் மனதில் தங்கியது திவசமும் பத்துப் பேரும்தான்.

"பத்துப் பேர்தானே! இண்டைக்கு ஒருத்தரும் வேலைக்குப் போகேல்லை. கட்டடம் முழுக்க எங்கடை ஆம்பிளையள் இழுத்துப் போத்துக்கொண்டு கிடக்கிறாங்கள்."

ஜாக்கெட்டைக் கொளுவியபடி லிஃப்டுக்கு ஓடினார். பெரியவரின் விரல் உயர்ந்தபடியே நின்றது. மிச்ச வசனத்தை அவர் என்னிடம் சொன்னார்: அந்தப் பத்துப் பேரும் யூதராக இருக்கவேண்டும். லிஃப்டின் கதவு அதற்குள் மூடிவிட்டது. அம்மாவோ, திவசமென்றால் மச்சம் கூடாதென்று இறைச்சியைத் திரும்பவும் ஃபிரிட்ஜுக்குள் வைத்துவிட்டு உளுந்தை ஊறப்போட்டார்.

வந்தார்கள். சாரத்துக்கு மேல் குளிர் ஜாக்கெட், காதுவரை இழுத்த கம்பளித் தொப்பி, நித்திரை கலையாத கண்கள். ஒருவர் அவசரமாகத் தலை முழுகி, பட்டையாக விபூதி பூசியிருந்தார். சேர்ச்சுக்குப் போகும் மன்னார் அங்கிள் மட்டும் கொஞ்சம் பின்வாங்கினார்.

"அண்ணை, நான் வேதக்காரன். என்னைச் சேர்ப்பினமோ?"

"உன்ரை வேதமும் அவற்றை வேதமும் பக்கத்து வளவுதானே. சைவக்காரர் நாங்களே வந்திட்டம், உனக்கென்ன? வா."

அப்பாவின் முகத்தில் வெற்றி. நான் அவருடைய கையை இழுத்தேன்.

"அவையின்ரை ஆக்கள் மட்டும்தான் நிக்கலாமாம் அப்பா."

அப்பா என் பக்கம் திரும்பினார்.

"அதை முதலே சொல்லியிருக்கலாமெல்லே?"

"நீங்கள் நிண்டால்தானே சொல்ல!"

"உவர் ஓடின ஓட்டத்துக்கு ஒலிம்பிக்கிலை விட்டிருக்கோணும்," என்றார் விபூதிக்காரர். எல்லோரும் சிரித்தார்கள், அப்பாவைத் தவிர. அவர் பெரியவரைப் பார்க்கமுடியாமல் சுவரைப் பார்த்தார். திரும்பப்போனவர்களைப் பெரியவர்தான் மறித்தார். கதவை அகலத் திறந்து உள்ளே அழைத்தார். நின்றபடியே ஒரு கதை சொன்னார். அதைத் துண்டு துண்டாக நான் தமிழுக்குக் கடத்தினேன்.

ரஷ்யாவில் தங்கள் ஆட்களை வெட்டிய காலத்தில் அவருடைய தகப்பன் தப்பி ஓடியது அமெரிக்காவின் டகோட்டாவுக்கு. சும்மா நிலம் கொடுக்கிறார்களாம் என்று. (அதற்கு முன்னர் அது யாருடைய நிலம் என்று கேட்க எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை.) கலப்பையைத் தொட்டே அறியாத தையற்காரர்களும் வாத்திமாரும் புல்லோடு வெட்டிய மண்கட்டிகளை அடுக்கி வீடு கட்டினார்கள். ஒரு குடும்பத்துக்கும் அடுத்த குடும்பத்துக்கும் நடுவே காற்று மட்டுமே குடியிருந்தது. முதல் பனிக்காலத்தில், கூட வந்திருந்த பெரியவரின் பாட்டன் இறந்தார். குதிரை வண்டிகளில் வந்தவர்களையும் சேர்த்து ஒன்பது ஆண்கள்தான் கூடினார்கள். பத்தாவது ஆள் இல்லை. சொல்லமுடியாத செபத்தோடு எல்லோரும் காத்திருக்க, ஊசி நூல் விற்கும் ஒரு வியாபாரி, முதுகில் மூட்டையோடு பனிக்குள்ளிருந்து வந்தான். கறுத்த தாடி, கறுத்த கண். நம்மவன்தான்! உள்ளே இழுத்து, தலையை மூடி நிறுத்தி, செபத்தைச் சொல்லி முடித்தார்கள். தேத்தண்ணி குடிக்கும்போதுதான் அவன் சொன்னான், தான் லெபனான் மலையிலிருந்து வந்த கிறிஸ்தவன் என்று.

"அப்ப அவன் என்ரை ஆள்!" என்றார் மன்னார் அங்கிள்.

அந்தச் செபம் செல்லுமா செல்லாதா என்று ஊரே கோடைவரை சண்டைபிடித்ததாம். பெரியவரின் தகப்பன் மட்டும் சண்டைக்குப் போகவில்லை. அந்த மனிதன் பனிக்குள்ளால் வந்து எங்களோடு நின்றான், கணக்கைக் கடவுள் பார்த்துக்கொள்வார் என்றாராம்.

பெரியவர் செபப் புத்தகத்தை மூடி வைத்தார். இதை இன்று என்னால் சொல்லமுடியாது, ஆனால் நீங்கள் நில்லுங்கள் என்றார். மேசையில் கண்ணாடிக் கிளாசுக்குள் ஒரு மெழுகுதிரி எரிந்தது. தகப்பனின் பெயரை மட்டும் உரக்கச் சொன்னார். பிறகு அப்பாவிடம் திரும்பி, உங்கள் தகப்பனின் பெயர் என்ன என்று கேட்டார்.

அப்பா சொன்னார். பள்ளிக்கூடத்தில் ஆசிரியை பாதியிலேயே விழுங்கிவிடும், என் கடைசிப் பெயராகிவிட்ட அப்பப்பாவின் பெயர், அப்பாவின் வாயில் ஒரு மனிதராக எழுந்து நின்றது. பிறகு அடுத்தவர். அதற்கடுத்தவர். நீண்ட நீண்ட பெயர்கள், ஒவ்வொன்றும் வெளியே வந்து, அந்தச் சின்ன அறையில் இடம்பிடித்துக்கொண்டது. விபூதிக்காரர் தன் முறை வந்ததும் தகப்பனின் பெயரை இரண்டு தரம் சொன்னார். அவர்களில் எத்தனை பேர் தகப்பனுக்குக் கொள்ளி வைக்கப் போகமுடியாமல் இங்கே அகதிப் பேப்பருக்குக் காத்திருந்தவர்கள் என்று எனக்கு யாரும் சொல்லியிருக்கவில்லை. பள்ளிக்கூடத்தில் இடாப்பைப் பார்த்துப் பெயர் கூப்பிடுவது போலத்தான் எனக்கு இருந்தது. எல்லோரும் சரியாகப் பதில் சொன்னதில் பெருமையாகக்கூட இருந்தது.

திரும்பிப் பார்த்தபோது அம்மா வாசலுக்கு வெளியே நின்றார், ஈரக் கையோடு. அவரை யாரும் கூப்பிடவில்லை, அவருடைய தகப்பனின் பெயரை யாரும் கேட்கவுமில்லை. உதடு மட்டும் அசைந்தது.

"என்னம்மா சொன்னனீங்கள்?"

"ஒண்டுமில்லை. உள்ளுக்குப் போ பிள்ளை, குளிருது."

நான் போய்விட்டேன். நடைவழியில் உண்மையாகவே நல்ல குளிர்.