அப்பா பேசிய கொச்சைச் சிங்களம்

கொழும்பில் படப்பிடிப்பு முடிந்து ஹாலிஎலயில் ரயிலிறங்கி வீட்டுக்கு வரும் அப்பாவிடம் வேஷம் கலைக்கப் பூசிய காறிப்போன தேங்காயெண்ணெய் வாடை அடிக்கும். காதுக்குப் பின்னால் கறுப்புச் சாயம் ஒட்டியிருக்கும். ஏற்கெனவே கறுத்த மனிதர் தேயிலைத் தோட்டத்து ஆளாகத் தெரியவில்லையென்று மேலும் கரி பூசி அனுப்பிய கலை மேதைகள் அவர்கள். "நல்லா தேச்சுக் கழுவுங்க, புள்ளைக பாக்குது" என்று அம்மா வெந்நீர் வைப்பாள்.

அப்பா எங்கள் தோட்டத்துக் கணக்கப்பிள்ளை. சிங்களப் பள்ளியில் படித்தவர். பதுளைக் கடைவீதியில் அவர் பேசினால் சிங்களவர்களே எந்த ஊர் என்று விசாரிப்பார்கள். அந்தச் சிங்களத்தை நம்பித்தான் நடிக்கப் போனார்; அங்கே முதலில் அதைத்தான் மறக்கச் சொன்னார்கள். பதினைந்து வருடம், எத்தனையோ சிங்களத் தொலைக்காட்சி நாடகங்கள், நாலைந்து படங்கள், எல்லாவற்றிலும் அவர் தோட்டத்துக் குடிகாரத் தமிழன் ராமசாமிதான். "ஐயோ மாத்தயா", ஐயோ துரையே, என்று கும்பிட்டு, கொச்சைச் சிங்களத்தில் உளறி, நாட்டைச் சிரிக்கவைத்துவிட்டுக் காணாமல் போவார்.

மறுநாள் வேலைக்கு ஆள் கூடும் காலைப் பெரட்டில் அவர் பேர் வாசிக்க, ஆட்கள் "ஐயோ மாத்தயா" என்றே பதில் சொல்வார்கள். அவரும் வெட்கமில்லாமல் சிரிப்பார். நான் சண்டை பிடித்தால், "நாய் வேசம் போட்டா குரைச்சுத்தானம்மா ஆகணும்" என்பார்.

வேஷம் போடாமலும் ஒருநாள் குரைத்தார். சாதாரண தரப் பரீட்சை எழுத எனக்கு அடையாள அட்டை வேண்டியிருந்தது. பரீட்சை நெருங்கிவிட்டது. பதுளை அலுவலகத்தில் அப்பா தம் நல்ல சிங்களத்தில் பணிவாகக் கேட்டதற்கு இரண்டு முறை திருப்பி அனுப்பிவிட்டார்கள். மூன்றாம் முறை அந்தக் குமாஸ்தா அவரை அடையாளம் கண்டுகொண்டான். "நீதானே ராமசாமி? அந்த மாதிரி கேளு, பாப்போம்" என்றான் சிங்களத்தில்.

அப்பா என்னை ஒரு தடவை பார்த்தார். பிறகு முதுகை வளைத்துக் கும்பிட்டு, "ஐயோ மாத்தயா" என்று தொடங்கினார். மேசைகளை விட்டு எழுந்து வந்து சிரித்தார்கள். கையெழுத்து விழுந்தது. திரும்பும் பஸ்ஸில் நான் அவர் பக்கத்தில் உட்காரவில்லை. வீட்டுக்கு வந்தும் பல நாள் முகம் கொடுத்துப் பேசவில்லை.

அந்த அட்டையைக் காட்டித்தான் பரீட்சை எழுதினேன், ஆசிரியையானேன். அப்பா இப்போது இல்லை. அவர் வாழ்ந்த வீட்டை இடித்துவிட்டார்கள். அவருடைய நல்ல சிங்களத்தை யாரும் எங்கும் பதிந்து வைக்கவில்லை. ராமசாமியின் உளறல் மட்டும் இணையத்தில் சுற்றுகிறது. போன மாதம் எங்கள் ஆசிரியர் அறையில் ஒருவர் கைபேசியில் அதைப் போட்டுக் காட்டினார். எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். "யார் டீச்சர் இந்த ஆளு, உங்க பக்கமா?" என்று கேட்டார்கள்.

தெரியாது என்று சொல்லிவிட்டு நானும் சிரித்தேன்.