மாலை போட்ட போட்டோவில் என் வீட்டுக்காரர்

டிவி நாடகத்துல முப்பது வருஷமா அழுறதுதான் என் தொழில். கதாநாயகிக்கு அம்மா, அத்தை, பக்கத்து வீட்டுக்காரி, எந்த வேஷம் குடுத்தாலும் முதல் காட்சியிலயே என் புருஷன் செத்திருப்பாரு. நடிக்கிறவளைக் கட்டிக்கிட்டு முழிக்கிற அண்ணன்மாரே, என் வீட்டுக்காரர் மணியம் பட்ட பாட்டைக் கொஞ்சம் கேளுங்க.

முதல் சாவு

ஜித்ராவுல ஒரு வீட்ல ஷூட்டிங். செத்த புருஷன் போட்டோவுக்கு மாலை வாங்கிட்டாங்க, போட்டோவை மறந்துட்டாங்க. எங்க கம்பெனியில எல்லாமே சிக்கனம். சேலை, நகை எல்லாம் நம்மளோடதுதான். "அக்கா, பர்ஸ்ல அண்ணன் படம் இருக்கா?"ன்னு டைரக்டர் கேட்டாரு. இருந்துச்சு, கல்யாணம் ஆன புதுசுல அடர்த்தியான மீசையோட எடுத்தது. அதைப் பெருசாக்கி மாட்டி, பொட்டும் வச்சிட்டாங்க.

நாடகம் ஓடின மறுநாள் காலையில கூலிம்ல இருந்து என் நாத்தனார் தலைவிரி கோலமா ஓடி வந்தா. முந்தின ராத்திரி நாடகம் பாதி ஓடினப்புறம்தான் டிவியைப் போட்டிருக்கா. அண்ணன் படத்துல மாலை, பக்கத்துல நான் கதறிக்கிட்டிருக்கேன். போன் பண்ணிக் கேட்கக்கூடத் தோணல. பாடாங் மேஹா எஸ்டேட்ல டிராக்டர் ஓட்டுற மனுஷன், வேலைக்குக் கிளம்பி வாயில ரொட்டியோட கதவைத் திறந்தாரு. அவ கத்தினா பாருங்க: "உசுரோடதான் இருக்கியா அண்ணே? ஃபேக்டரிக்கு மூணு நாள் லீவு சொல்லிட்டு வந்துட்டேனே!"

மீன் பாசார்ல

அதுக்கப்புறம் அந்தப் போட்டோ கம்பெனி சொத்தாயிருச்சு. மொத்தம் பதினொரு நாடகத்துல செத்தாரு. அவருக்கும் உள்ளுக்குள்ள பெருமைதான், "நானும் நடிகன்தான் லா"ன்னு டீக்கடையில சொல்லிக்குவாரு.

ஒருநாள் ரெண்டு பேரும் கோலா கெடாவுக்கு மீன் வாங்கப் போனோம். அதுக்குள்ள அவருக்கு மீசையும் போச்சு, தலையும் வழுக்கை. மீன்கார பாய் என்னைப் பார்த்ததும் கண் கலங்கிட்டாரு. பக்கத்துல நின்ன மனுஷனை மேலும் கீழும் பார்த்தாரு. மீன் பையை என்கிட்ட நீட்டி மெதுவா சொன்னாரு: "அவசரப்பட்டுட்டீங்க லா அக்கா, பழையவரு இவரைவிட எடுப்பா இருந்தாரு."

பன்னிரண்டாவது

போன வருஷம் அவருக்கு நெஞ்சுவலி. பினாங்குல ஆப்பரேஷன்னு நாள் குறிச்சாங்க. அதே வாரம் டைரக்டர் கூப்பிட்டாரு: "அக்கா, இந்தத் தடவை நீங்கதான் கதாநாயகி." ஐயோ, முப்பது வருஷமா இதுக்குத்தானே காத்துக்கிட்டிருந்தேன்! கதை? புருஷனை இழந்த தாய். ஹால் நடுவுல போட்டோ.

பதினொரு தடவை சிரிச்சுக்கிட்டே மாலை போட்டவ, அன்னிக்கு அந்தப் படத்தைத் தொடக்கூடப் பயந்தேன். "அவரு படத்தை மாட்டினா நான் வரல, வேற ஆளைப் பாருங்க"ன்னு போனை வச்சிட்டு, கிளிசரின் இல்லாமலே அழுதேன். அரைமணி நேரத்துல டைரக்டர் மறுபடி கூப்பிட்டு, தன் படத்தையே மாட்டிக்கிறேன்னாரு. நல்ல மனுஷன், நல்லா இருக்கணும்.

ஆப்பரேஷன் நல்லபடியா முடிஞ்சுது, அப்புறம் ஷூட்டிங்கும் முடிஞ்சுது. முதல் எபிசோடை நானும் அவரும் சேர்ந்து பார்த்தோம். திரையில நான் அழுறேன், பின்னால மாலையோட டைரக்டர். இவரு நெஞ்சுத் தழும்பைப் பிடிச்சுக்கிட்டு எந்திரிச்சிட்டாரு: "ஏன்டி சரசு, பதினொரு தடவை நான் செத்தேன், நீ கதாநாயகி ஆனதும் புருஷன் வேற ஆளா?"

முப்பது வருஷத்துல எனக்கு ஒரு விருதும் கிடைக்கல, ஆனா சான்ஸ் போச்சேன்னு உசுரோட உக்காந்து சண்டை போட வீட்ல ஒரு நடிகர் இருக்காரு.