கோட்டுச்சேரிமேட்டில் நல்ல அலைக்காகக் காத்திருக்கிறேன்

கடல் அரிப்பைப் படம் பிடிக்கலாம் என்று வந்தால், கடல் ஒத்துழைக்க மாட்டேன் என்கிறது. கோட்டுச்சேரிமேட்டில் இன்று குளத்துத் தண்ணீர் மாதிரி படுத்துக் கிடக்கிறது. சமூக அக்கறையுள்ள சுயாதீன ஆவணப்பட இயக்குநரான நான், பின்பக்கம் பாதி இடிந்த ஒரு வீட்டருகே கேமராவை வைத்துக்கொண்டு, மீதிப் பாதியும் இடியட்டும் என்று பொறுமையாகக் காத்திருக்கிறேன்.

வீட்டுக்கார அம்மா வாசலில் காயும் கருவாட்டைப் புரட்டிப் போடுகிறார். பூப்போட்ட புது நைட்டி.

"சேல கட்டிக்கிட்டு வரட்டுங்களா? படம் எடுக்க வர்றவங்களுக்குன்னே பழசு ஒண்ணு வெச்சிருக்கேன்."

என் படங்களில் எதையும் ஜோடிப்பதில்லை. "வேண்டாங்க, இயல்பா இருங்க" என்கிறேன் பெருந்தன்மையாக. கேமராவில் அந்த ரோஜாப் பூக்களைப் பார்த்ததும், "சரி, பழைய சேலையே இருக்கட்டுங்க" என்கிறேன்.

கட்டிக்கொண்டு வருகிறார். "பெரிய அலைக்காகத்தான நிக்கிறீங்க?"

"ஆமாங்க. செவுத்துல வந்து அடிச்சா நல்லா இருக்கும்."

"வரும், நில்லுங்க. வர்றதப் பாத்தா மட்டும் ஒரு குரல் குடுங்க. உள்ள கேஸ் சிலிண்டர் இருக்கு, தூக்கிடணும்."