வீட்டுக்கு ஓர் இடம், மிஷினுக்கு நாற்பத்தேழு துண்டு

மரவள்ளிக் கிழங்கு சீவுகிற வரிசையில் எங்கள் வீட்டுக்கு ஓர் இடம் உண்டு. தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில், தூணை ஒட்டி, நான்காவது இடம். அதில் இரண்டு நாள் நான் உட்காருவேன், இரண்டு நாள் என் மருமகள் உட்காருவாள். வீட்டில் இரண்டு கறவை மாடு நிற்பதால் இருவரும் ஒன்றாகக் கிளம்ப முடியாது. எங்களுக்கு மட்டுமில்லை, அந்தச் சவ்வரிசி மில்லில் கிழங்கு சீவும் நாற்பது வீட்டுக்கும் இதுதான் வழக்கம். இடம் வீட்டுக்குச் சொந்தம், ஆள் யாராக வேண்டுமானாலும் இருக்கலாம். அக்காளுக்குக் காய்ச்சல் என்றால் தங்கை வருவாள். மேஸ்திரி காலையில் தலைகளை எண்ண மாட்டார், காலியாகக் கிடக்கிற இடங்களை எண்ணுவார். எங்கள் வீட்டு இடத்தை அவர் ஒரு நாளும் எண்ணியதில்லை. இதை நான் பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்தேன். பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்த பாவத்துக்கு யார் யாரோ கேட்டிருக்கிறார்கள்.

மில் சங்கராபுரம் ரோட்டிலிருந்து உள்ளே தள்ளி இருக்கிறது. கூட்ரோட்டில் டவுன் பஸ் இறக்கிவிட்டால் அப்புறம் இரண்டு கிலோமீட்டர் நடை. கல்வராயன் மலையிலிருந்து கிழங்கு லாரி ஏறி நேராக வாசலுக்கே வந்துவிடும், சீவுகிறவள்தான் நடந்து வர வேண்டும். போன வருஷம் என் வலது முட்டி வீங்கிக்கொண்டது. நடக்கிறபோது உள்ளே எதையோ அரைக்கிற மாதிரி இருக்கும். அந்தச் சமயத்தில்தான் மில்லில் ஒரு வேன் வாங்கினார்கள். ஊருக்குள்ளேயே வந்து ஏற்றிக்கொண்டு போய் மில்லில் இறக்கும். பன்னிரண்டு சீட். நாங்கள் நாற்பது வீடு.

யாருக்குச் சீட் என்பதைப் பெரிய முதலாளி முடிவு செய்திருந்தால் அரை நாளில் முடிந்திருக்கும். அவருக்கு வேண்டியவர்களுக்குக் கொடுப்பார், மற்றவர்கள் திட்டிவிட்டு நடப்போம். முடிவு செய்தது அவர் மகன். வெளியூரில் கம்ப்யூட்டர் படித்துவிட்டு மில்லைத் திருத்த வந்தவர். வந்ததும் வாசலில் கைரேகை மிஷின் வைத்தார். கிழங்குப் பால் பட்டுப் பட்டு எங்கள் கட்டைவிரலில் ரேகையே கம்மி. முந்தானையில் துடைத்துத் துடைத்து மூன்று தடவை வைத்தால்தான் அது ஒரு தடவை நம்பும். மிஷின் வந்த பிறகு, இடத்தை எண்ணுகிற ஒரு வேலையையும் மேஸ்திரி விட்டுவிட்டார்.

வேன் வந்த அன்று சின்ன முதலாளி எங்களை நிற்கவைத்துப் பேசினார்.

"விடாம வர்றவங்களுக்குத்தான் சீட்டு. யாரு எத்தனை நாள் தொடர்ச்சியா வந்திருக்காங்கன்னு கம்ப்யூட்டர் சொல்லும். நான் சொல்ல மாட்டேன், எங்கப்பா சொல்ல மாட்டாரு."

சீட் எனக்குத்தான் என்று நான் அங்கேயே முடிவு செய்துவிட்டேன். ஜன்னல் பக்கம் என்பதுகூட முடிவாகிவிட்டது.

மறுநாள் பட்டியலை வாசலில் ஒட்டினார்கள். எழுத்தை நான் கூட்டித்தான் படிப்பேன், எண் மட்டும் யார் தயவும் இல்லாமல் வரும். என் பெயருக்கு நேரே நாற்பத்தேழு என்று போட்டிருந்தது. வரிசையில் எனக்கு அடுத்த இடம், ஐந்தாவது இடத்துக்காரி, எட்டிப் பார்த்தாள்.

"யக்கா, ஒனக்கு நாப்பத்தேழு. எனக்கு முப்பத்தொண்ணுதான். நீதான் ஜாஸ்தி."

"பின்ன, சும்மாவா வந்துக்கினு இருக்கேன்?" என்றேன்.

அரை மணி நேரம் அந்த நாற்பத்தேழோடு நான் நடந்த நடையை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். முட்டி வலிகூடத் தெரியவில்லை. அதற்குப் பிறகுதான் பட்டியலில் முதல் ஆள் யார் என்று மேஸ்திரி படித்துச் சொன்னார். வாட்ச்மேன். அவர் மில்லிலேயே குடியிருக்கிறார். காலையில் பல் விளக்கியதும் மிஷினில் விரல் வைப்பார், ஞாயிற்றுக்கிழமையும் வைப்பார், தீபாவளிக்கும் வைப்பார். முதல் சீட் அவருக்கு. மில் வாசலில் ஏறி மில் வாசலில் இறங்க.

சிரித்துக்கொண்டே ஆபீஸ் அறைக்குப் போனேன். பின்னாலேயே ஏழெட்டுப் பேர் வந்தார்கள்.

"தம்பி, நாப்பத்தேழு வாங்கியும் எனக்குச் சீட்டு இல்லியா?"

"அது மார்க் இல்ல ஆயா. குரூப் நம்பர். நீங்க விடாம வந்தா ஒரே நம்பர். நடுவுல ஒரு நாள் விட்டுட்டு வந்தா அடுத்த நம்பர். நீங்க நாப்பத்தாறு தடவை விட்டிருக்கீங்க. உங்க நீளமான தொடர்ச்சியே மூணு நாள்தான்."

மிஷின் கண்ணுக்கு நான் ஒரு மனுஷி இல்லை, நாற்பத்தேழு துண்டு. கிழங்கைக்கூட நாங்கள் அத்தனை துண்டாக வெட்டுவதில்லை.

"ஞாயித்துக்கிழமை?" என்று கேட்டேன்.

"அன்னிக்கும் விரல் விழலைன்னா விட்ட கணக்குதான்."

"நீங்களே பூட்டு போட்டுட்டு, நா வர்லன்னு நீங்களே எழுதிக்குவீங்களா? மழை பேஞ்சி மலையில லாரி மாட்டிக்கினு, கெழங்கு இல்லாம மில்லு நின்னுச்சே, அது யாரு வுட்டது? நானா, லாரியா?"

பின்னால் நின்றவர்கள் சிரித்தார்கள். அவருக்குக் காது சிவந்துவிட்டது. நல்ல பிள்ளைதான், சிரித்தால் தாங்காது.

"சரி, மில் ஓடின நாளை மட்டும் எடுக்கறேன். அப்பவும் நீங்க ரெண்டு நாள் வந்து ரெண்டு நாள் வரலையே ஆயா."

"என் மருமவ வந்தா இல்ல? எடம் காலியா கெடந்துச்சான்னு பாரு. ஆளப் பாக்காத. வூட்டப் பாரு."

"வீட்டுக்குக் கைரேகை இல்லையே," என்றார்.

இதற்கு எட்டுப் பேரும் ஒரே சமயத்தில் பதில் சொன்னோம். கடைசியில் வீட்டு வாரியாகவே பார்க்கிறேன் என்று ஒத்துக்கொண்டார். எந்த விரல் எந்த வீட்டு விரல் என்று யாராவது சொல்ல வேண்டுமே. நான்தான் இரண்டு மத்தியானம் அந்த அறையில் உட்கார்ந்து நாற்பது வீட்டையும் சொன்னேன். போன மாசம் அடுப்பு பிரித்துக்கொண்ட ஓரகத்திகள் இரண்டு பேர், ஒரு வீடா இரண்டு வீடா என்று அவர் கேட்டார். சண்டை மாமியாரோடுதான், வேலைக்கு இன்னும் ஒரே இடம்தான், ஒன்றாகப் போட்டுக்கொள் என்றேன். அதை எந்தக் கட்டத்தில் எழுதுவது என்று அவர் ரொம்ப நேரம் யோசித்தார்.

இந்தப் புது முறை என் முறை என்று வரிசையில் எல்லாருக்கும் தெரிந்துவிட்டது. தெரியாதவர்களுக்கு நானே தெரிவித்தேன்.

பத்து நாள் கழித்து இரண்டாவது பட்டியல். வாட்ச்மேன் இல்லை. பன்னிரண்டு வீடு இருந்தது. எங்கள் வீடு அதில் இல்லை. கோடு போட்டு அதற்குக் கீழே, பதினைந்தாவதாக இருந்தது. பன்னிரண்டாவது சீட் ஐந்தாவது இடத்துக்காரிக்கு.

இந்தத் தடவை சிரிக்காமல் போனேன். அவர் திரையைத் திருப்பிக் காட்டினார்.

"இது மில் ஓடின நாளுக்கு வரிசை நம்பர். பக்கத்துல உங்க வீடு வந்த நாளுக்கு வரிசை நம்பர். ரெண்டையும் கழிக்கிறேன். மில்லுக்கு நூத்தி எழுபத்தொண்ணு, உங்களுக்கும் நூத்தி எழுபத்தொண்ணு. கழிச்சா பூஜ்யம். அது வரைக்கும் ஒரே குரூப். அடுத்த வரி பாருங்க. மில்லுக்கு நூத்தி எழுபத்திமூணு, உங்களுக்கு நூத்தி எழுபத்திரெண்டு. வித்தியாசம் ஒண்ணு. அங்க தொடர்ச்சி அறுந்து ரெண்டாவது குரூப் ஆரம்பிக்குது. இப்ப ஓடிட்டு இருக்கற தொடர்ச்சிதான் கணக்கு, அது உங்களுக்கு முப்பத்தெட்டு நாள்தான்."

"அந்த ஒண்ணு இன்னா?"

"உங்க வீட்டுல யாருமே வராத நாள் ஒண்ணு."

"எத்தன நாளு வர்லன்னு கேட்டா போச்சி. இதுக்கா இவ்ளோ கழிச்சிக்கினு கெடக்கற? ஒம் மிஷின் பொய் சொல்லுது தம்பி. எங்க எடம் காலியா கெடந்ததே இல்ல."

அவர் தேதியைச் சொன்னார். ஒரு புதன்கிழமை. சொன்னதும் எனக்கு மிக்சி ஞாபகம் வந்தது. வெளியே வந்துவிட்டேன்.

அந்த வாரம் மிக்சி ஜாரின் மூடி உடைந்திருந்தது. உடைத்தது அவள், மருமகள். அவளைக் கேட்டால் என்னைக் கைகாட்டுவாள். நான்கு நாள் இரண்டு பேருக்கும் பேச்சில்லை. புதன்கிழமை அவள் முறை. மாடு ஒரு நாள் தாங்கும் என்று வைக்கோலை அள்ளிப் போட்டுவிட்டு, நான் தியாகதுருகத்தில் இருக்கிற என் மகளைப் பார்க்கக் கிளம்பினேன். பேச்சில்லாதவளிடம் சொல்லிக்கொண்டா போவார்கள்? சோற்றுப் பையோடு, மில்லுக்குப் போகிற அதே நேரத்தில், அதே பஸ் நிறுத்தத்துக்குப் போனேன்.

அன்று சாயங்காலம் மாட்டுக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்த மருமகளிடம் கேட்டேன்.

"மூடி ஒடஞ்ச வாரம், பொதன்கெழம நீ மில்லுக்குப் போனியா?"

"நீங்கதான் போனீங்களே அத்த. பையெல்லாம் எடுத்துக்கினு."

"நா மவ வூட்டுக்குப் போனேன்."

"அத எங்கிட்ட யாரு சொன்னா? என் மொறையில வீம்புக்கு நீங்க போறீங்கன்னு நெனச்சிக்கினு நா வூட்டுல இருந்துட்டேன்."

"வீம்புக்கு ஒருத்தி வேலைக்குப் போவாளா?"

"நீங்க போவீங்க," என்றாள்.

நான் போவேன்தான். அந்தப் புதன்கிழமை நான் திரும்பி வந்தபோது அவள் பால் கறந்துகொண்டிருந்தாள். வேலைக்குப் போய் வந்துவிட்டாள் என்று நினைத்தேன். என்னைப் பார்த்து அவளும் அதையேதான் நினைத்திருக்கிறாள். ஒரு வீட்டில் இரண்டு பேர், நடுவில் ஒரு மூடி, ஒரு நாள் காணாமல் போய்விட்டது. அது போனது மிஷினுக்குத் தெரிந்திருக்கிறது, எங்களுக்குத் தெரியவில்லை.

மிஷினுக்கு மட்டும் என்று சொல்ல முடியாது. மறுநாள் ஐந்தாவது இடத்துக்காரியை மடக்கினேன்.

"அன்னிக்கு என் எடம் காலியா இருந்துச்சா?"

"இருந்துச்சி. என் கூடையத்தான் வெச்சிருந்தேன்."

"ஏன்டி சொல்லல?"

"நீ கேக்கல யக்கா. ஒரு நாளும் காலியா கெடந்ததில்லன்னு நீயே சொல்லிக்கினு இருக்க. நடுவுல நா எங்க பூந்து சொல்றது?"

அன்று மத்தியானம் சின்ன முதலாளி என்னைக் கூப்பிட்டார். குரலைத் தணித்துக்கொண்டு பேசினார்.

"ஆயா, இந்த முறையே நீங்க சொன்னதுதான். உங்களுக்கே சீட் இல்லைன்னா எனக்குச் சங்கடமா இருக்கு. அந்தப் புதன்கிழமைக்கு ஒரு வரி சேத்துடறேன். மிஷின் சரியா படிக்கலைன்னு போட்டுக்கலாம். ரெண்டு குரூப்பும் ஒண்ணாயிடும், சீட் வந்துடும்."

முட்டி சரி என்றது. சத்தியமாகச் சொல்கிறேன், உடம்பில் அது ஒன்றுதான் புத்தியோடு பேசியது. ஆனால் கதவுக்கு அந்தப் பக்கம் நாற்பது வீட்டுக்காரிகள் கிழங்கு சீவிக்கொண்டிருந்தார்கள். இன்னின்னார் இன்ன வீடு என்று சொன்னவள் நான். ஆளைப் பார்க்காதே, வீட்டைப் பார் என்று கத்தினவளும் நான். ஒரு வரி சேர்த்தால் யாரோ ஒருத்தி வேனிலிருந்து இறங்க வேண்டும். அவள் ஐந்தாவது இடத்துக்காரி என்பதில் எனக்கு வருத்தம் இல்லை. இறங்கின பிறகு அவள் பேசப்போகிற பேச்சைத்தான் என்னால் கேட்க முடியாது.

"வராத நாள வந்தேன்னு எழுதிக்கினு எவ போவா? வேணாம்," என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன். வாசலைத் தாண்டியதும் என்னை நானே திட்டிக்கொண்டது தனிக்கதை.

இப்போது வேன் தினமும் எங்களைத் தாண்டிப் போகிறது. பட்டியலை மாதத்துக்கு ஒரு தடவை புதிதாகப் போடுகிறார்கள். கோட்டுக்கு மேலே இருக்கிற பன்னிரண்டு பேரில் எவள் ஒரு நாள் விடுவாள் என்று, கோட்டுக்குக் கீழே நாங்கள் காத்திருக்கிறோம். நல்ல எண்ணம் என்று சொல்ல மாட்டேன். எந்த வீட்டில் கல்யாணம், எந்த வீட்டில் காதுகுத்து என்பதெல்லாம் இப்போது எனக்கு அத்துப்படி.

எங்கள் வீட்டில் ஒரு மாற்றம் வந்திருக்கிறது. சண்டையோ சமாதானமோ, பொழுது சாய்வதற்குள் யாராவது ஒருத்தி வாயைத் திறந்தாக வேண்டும். "நாளைக்கு நானு" என்று சொல்ல வேண்டும், மற்றவள் "செரி" என்று சொல்ல வேண்டும். சில நாள் எங்களுக்குள் மொத்தப் பேச்சே அவ்வளவுதான்.

போன வாரம் அவள் முறை. அவள் அம்மாவுக்கு மேலுக்கு முடியவில்லை என்று களமருதூருக்குப் போக வேண்டியிருந்தது. மாட்டைப் பக்கத்து வீட்டில் சொல்லிவிட்டு, அவள் இரண்டு நாளும் என் இரண்டு நாளுமாக நான்கு நாளும் நானே போனேன். மூன்றாவது நாள் கூட்ரோட்டுக்கும் மில்லுக்கும் நடுவில் ஐந்து தடவை உட்கார்ந்து எழுந்தேன். நான்காவது நாள் எத்தனை தடவை என்று எண்ணவில்லை. சாயங்காலம் அவள் பையோடு உள்ளே வந்தாள். நான் முட்டியில் துணி சுற்றிக் கால் நீட்டி உட்கார்ந்திருந்தேன். அவள் துணியைப் பார்த்தாள்.

"வுடாம போனீங்களா அத்த?" என்றாள்.

போனேன் என்றேன். அதற்குப் பிறகுதான் காலுக்கு என்ன என்று கேட்டாள். எனக்குக் கோபம் வரவில்லை. நானாக இருந்தாலும் அந்த வரிசையில்தான் கேட்டிருப்பேன்.