அயலவர்கள் பாராட்டு

எங்கள் வீட்டு மதிலுக்கு அந்தப் பக்கம் ஒரு கல்யாண மண்டபம் கட்டினார்கள். அதன் சமையல் கழிவு நிலத்துக்குள் இறங்கி, எங்கள் கிணற்றில் எண்ணெயாக மிதந்தது. உரிமையாளரிடம் எத்தனையோ தடவை போனேன். "பாப்பம் அக்கா" என்பதோடு சரி.

ஒருநாள் காலை பத்திரிகையைப் பிரித்தால், 'கழிவகற்றலில் முன்மாதிரி மண்டபம்: அயலவர்கள் பாராட்டு' என்று செய்தி. அயலவர் நான்தான். மற்றப் பக்கம் ஆளில்லாத வெறும் வளவு.

பத்திரிகை அலுவலகத்துக்குப் போனேன். "ஆரைக் கேட்டுப் போட்டனீங்கள்?" என்றேன்.

"மண்டபக்காரர் அனுப்பின அறிக்கை, அக்கா. அப்பிடியே போட்டனாங்கள்" என்றார் உதவி ஆசிரியர். "நீங்களும் எழுதித் தந்தால் போடுவம்."

வீடு வந்து, அன்றைக்கே ஒரு அறிக்கை எழுதினேன். அனுப்பியவர் இடத்தில் அயலவர் ஒன்றியம் என்றொரு பெயரை நானே வைத்தேன். அதில் உறுப்பினர் நான் ஒருத்திதான். 'தமது கழிவகற்றலில் முழு நம்பிக்கை கொண்ட உரிமையாளர், ஞாயிறு காலை மண்டப வாசலில் அயல் கிணற்று நீரைப் பருகிக் காட்டுவார். அனைவரும் வருக.' அவரிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. பத்திரிகையும் கேட்கவில்லை. ஒரு எழுத்து மாறாமல் வெளிவந்தது.

ஞாயிறு அங்கே ஒரு கல்யாணம். வேண்டுமென்றேதான் அந்த நாளைக் குறித்திருந்தேன். வேடிக்கை பார்க்க வந்த சனமும் பட்டுடுத்தி வந்த சனமும் வாசலில் நெருக்கியடித்தன. எங்கள் கிணற்று நீர் நிரப்பிய கண்ணாடிக் குவளையை உரிமையாளரிடம் நீட்டினேன்.

"குடியுங்கோ தம்பி. பேப்பரிலை போட்டிருக்கு."

அவர் முகம் கறுத்தது. "குடிக்கிறன் எண்டு நான் சொல்லேல்லை!"

"நானும் உங்களைப் பாராட்டேல்லை."

கல்யாணப் பெண்ணின் தகப்பன் குவளையை வாங்கி மணந்து பார்த்துவிட்டு, "உந்தத் தண்ணியிலையே எங்கடை சமையலும்?" என்று சத்தம் போட்டார். உரிமையாளர் வியர்த்து வழிய நின்றதைக் கண் நிறையப் பார்த்தேன். துளியும் இரக்கம் வரவில்லை.

மறுவாரமே கழிவுக்குழியை இடித்துச் சீமெந்துத் தொட்டி கட்டத் தொடங்கினார்.

ஆனால் அந்த ஞாயிறு பத்திரிகையிலிருந்து ஒருவரும் வரவில்லை. பின்னேரம் உதவி ஆசிரியர்தான் தொலைபேசியில் கூப்பிட்டார்.

"அக்கா, நிகழ்வு நல்லா நடந்ததாம். செய்தியும் படமும் அனுப்பிவிடுங்கோவன்."

"ஒரு குவளை உங்களுக்கும் எடுத்து வைச்சிருக்கிறன்" என்றேன். "வந்து குடிச்சுப்போட்டு நீங்களே எழுதுங்கோ."