பெரும்புள்ளி கேட்ட கேள்வி

"மனுஷன் எப்படி வேணா விழட்டும், எதுல வேணா மோதட்டும். கோடு என் நாக்கு நுனியில இருக்கும். 'எனக்குத் தெரியல'ன்னு ஒரு வார்த்தை இந்த வாயில வந்தா, அன்னைக்கே நாற்காலிய காலி பண்ணிடறேன்!"

மருத்துவமனையின் கோடிங் அறையில் டீக் கோப்பையை உயர்த்திப் பிடித்து இப்படி முழங்கியவருக்குப் பெரும்புள்ளி என்று பெயர். காசு பணத்தால் வந்த பட்டம் இல்லை. நோயாளிக்கு நேர்ந்ததையெல்லாம் எழுத்தும் எண்ணுமாகச் சுருக்கி எழுதுவது அந்த அறையின் தொழில். அந்தச் சுருக்கத்துக்குத்தான் கோடு என்று பெயர்; அதன் நடுவே ஒரு புள்ளி வரும். புள்ளிக்கு முன்னால் வருவதை யார் வேண்டுமானாலும் எழுதிவிடலாம், பின்னால் வருவதில்தான் வித்தையே இருக்கிறது என்பது அவர் கட்சி.

உதாரணத்துக்கு எப்போதும் சைக்கிளையும் காரையும்தான் இழுப்பார். சைக்கிளில் போனவர்மேல் கார் மோதினால் வி பதின்மூன்று. ஆனால் எங்கே மோதியது? பொதுச் சாலை என்றால் புள்ளிக்குப் பின் நாலு. சாலைக்கு வெளியே, வண்டி நிறுத்துமிடம், வீட்டு வளாகம் என்றால் பூஜ்யம்.

"முதல்ல எதைக் கேக்கணும்?" என்று புதிதாகச் சேர்ந்தவர்களை மடக்குவார். அவர்கள் விழிப்பார்கள். "சக்கரம் எங்க இருந்துச்சுன்னு கேக்கணும்யா!" அடிபட்டவர் பிழைத்தாரா என்பதற்கு வேறு டிபார்ட்மென்ட் இருக்கிறது.

பக்கத்து நாற்காலி அக்கா மட்டும் இதற்கெல்லாம் அசர மாட்டாள். "சார், நாளைக்கு எமனே வந்தாலும், எருமை ரோட்டுல வந்துச்சா, ரோட்டுக்கு வெளிய வந்துச்சான்னுதான் கேப்பீங்க."

"எருமைன்னா விலங்கு மேல சவாரி. அது வேற கோடு" என்றார் பெரும்புள்ளி, முகத்தில் ஒரு சுருக்கம்கூட இல்லாமல்.

ஒரு மதியம் மனைவி போனில் அழைத்தாள்.

"ஏங்க... பாப்பா சைக்கிள்ல கிளம்பினா... கீழ்வீட்டுக்காரர் கார ரிவர்ஸ் எடுத்தாரு, நம்ம கேட்டுகிட்ட... சத்தம் கேட்டு ஓடி வந்தேங்க... கால் அப்படியே மடங்கிப்போய்..."

பெரும்புள்ளி ஆடிப்போனார் என்பது சத்தியம். எழுந்த வேகத்தில் நாற்காலி சாய்ந்தது, ஒரு செருப்பு மேஜைக்கு அடியில் போய்விட்டது. ஆனால் அந்த வாய் இருக்கிறதே, அது உத்தியோகத்தில் ஊறிப்போனது. முதலாளி ஆடினாலும் அது தன் கடமையில் தவறுவதில்லை.

"கேட்டுக்கு உள்ளயா, வெளியிலயா?"

"என்னது?"

"இல்ல, சக்கரம் ரோட்டுக்கு வந்துடுச்சா, இல்ல..."

போன் ஸ்பீக்கரில் இருந்தது. இரண்டு கையாலும் மகளின் தலையைத் தாங்கிக்கொண்டு ஒருத்தி வேறு எப்படிப் பேசுவாள்? யார் காதில் விழக் கூடாதோ அவள் காதிலேயே கேள்வி விழுந்தது.

அவர் மருத்துவமனையிலேயே அறுவை சிகிச்சை நடந்தது, காலுக்குள் கம்பி வைத்தார்கள். முட்டி இனிப் பழையபடி மடங்காது என்று டாக்டர் சொன்னார். பெரும்புள்ளி கட்டிலருகே நின்று, ஆயிரம் தடவை ஒத்திகை பார்த்த குரலில், "வலிக்குதாம்மா?" என்றார்.

"உள்ள வலிக்குதா, வெளிய வலிக்குதான்னு கேளுங்கப்பா" என்றாள் மகள். சொல்லிவிட்டுச் சுவர்ப்பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

வராந்தாவில் மனைவி பிடித்துக்கொண்டாள். "நீங்க அழுதிருந்தாக்கூடப் போதும்ங்க. 'பாத்துப் போகத் தெரியாதா'ன்னு அவளைத் திட்டியிருந்தாக்கூடப் போதும்."

"பழக்கதோஷம்மா..."

"அதுக்கும் ஒரு நம்பர் இருக்கும். எழுதி நெத்தியில ஒட்டிக்கோங்க."

அன்றிலிருந்து வீட்டுக்குள் ஒரு கோடு விழுந்தது. அவர் படித்த கோடு அல்ல, சுண்ணாம்பால் கிழிப்பார்களே, அந்த வகை. ஊன்றுகோலோடு வீடு திரும்பிய மகள் அம்மாவிடம் பேசினாள், கீழ்வீட்டுக்காரரிடம்கூட "பரவால்ல அங்கிள்" என்றாள். அப்பாவுக்குச் சேதி அனுப்ப வேண்டுமானால், "அம்மா, அவரை லைட்ட அணைக்கச் சொல்லு" என்பாள். 'அப்பா' பதவியிலிருந்து 'அவர்' பதவிக்கு இறக்கம். முன்னறிவிப்பும் இல்லை, மேல்முறையீடும் இல்லை. அவர் லைட்டை அணைத்துவிட்டு, இருட்டில் சிறிது நேரம் நின்று பார்ப்பார். ஊன்றுகோல் கட்டிலில் உரசும் சத்தம் வரும். வேறு எதுவும் வராது.

ஒரு நாள் மகளின் ஃபைல் அவர் திரைக்கே வந்து சேர்ந்தது. 'கேட் அருகே கார் மோதியது' என்று டாக்டர் எழுதியிருந்தார். அருகே! விவரம் இல்லையென்றால் சாலை என்றே வைத்துக்கொள்ளலாம் என்று விதி உண்டு. அதைச் சோம்பேறிகளின் விதி என்று ஊரெல்லாம் பழித்தவர் அவர். கீழ்வீட்டுக்காரர் சக்கரத்தைப் பார்த்திருந்தால் மோதியிருக்கவே மாட்டார். மனைவி வந்தது சத்தத்துக்குப் பிறகு. தெரிந்தவள் ஒருத்திதான்.

மாலையில் அவள் அறை வாசலில் போய் நின்றார். தலையணைமேல் கால் கிடந்தது. அவள் நிமிர்ந்து அவரை நேராகப் பார்த்தாள், வெகுநாளைக்குப் பிறகு.

"என்ன?"

அந்த ஒற்றைச் சொல்லில் கொஞ்சம் இடம் இருந்ததோ என்னவோ. அவருக்கு வாய் திறந்தது. உள்ளே காத்திருந்தது அதே கேள்விதான், வேறொன்றும் அகப்படவில்லை.

"ஒண்ணும் இல்லம்மா" என்று திரும்பிவிட்டார். அவளும் மீண்டும் சுவரைப் பார்த்துக்கொண்டாள்.

மறுநாள் அந்த ஃபைலைப் பக்கத்து நாற்காலிக்குத் தள்ளினார்.

"என்ன சார், வி பதின்மூணுதானே?" என்றாள் அக்கா.

"ஆமா."

"புள்ளிக்குப் பின்னால?"

பெரும்புள்ளி திரையைப் பார்த்தபடியே, அவளுக்கே சரியாகக் கேட்காத குரலில் சொன்னார்.

"எனக்குத் தெரியலம்மா."